எந்தப் பக்கம்

மார்ச் 3

அன்புள்ள அண்ணிக்கு,

நான் நலம். நீங்களும் பாப்பாவும் நலமா? இப்படி ஆரம்பித்தால் "விஷயத்துக்கு வா" என்பீர்கள். வருகிறேன்.

போன மாதம் போனில் பேசியபோதே சொல்லத்தான் நினைத்தேன். போனில் என் குரல் லேசாக உடைந்தாலே நீங்கள் வைத்துவிடுகிறீர்கள். கடிதத்தைப் பாதியில் வைத்தாலும் சாயங்காலம் திரும்ப எடுத்துப் பார்க்கத்தான் செய்வீர்கள். அதனால் எழுதுகிறேன்.

முதலில் நல்ல செய்தி. எனக்கு இங்கே நிரந்தரமாக இருக்க அனுமதி கொடுத்துவிட்டார்கள். இனி நான் சொந்தக்காரர்களை அழைக்க மனு போடலாம். கூடப் பிறந்த அண்ணனின் மனைவி, பிள்ளை என்றால் அழைக்கலாம். ஆனால் அண்ணன் உயிரோடு இல்லை என்றால்தான் அது நடக்கும். காணாமல் போனவரின் மனைவிக்கு அந்த வழி இல்லையாம்.

இப்போது சிக்கல். என் கோப்பில் அண்ணன் இறந்துவிட்டதாக எழுதியிருக்கிறது. உங்கள் கோப்பில் காணவில்லை என்று எழுதியிருக்கிறது. இரண்டும் ஒத்துப்போக வேண்டும் என்கிறார்கள்.

எப்படி அப்படி எழுதினார்கள் என்று கேட்பீர்கள். ஐந்து வருடத்துக்கு முன்னால் என்னை விசாரித்தார்கள். சின்ன அறை, ஜன்னல் கிடையாது. மேசைமேல் ஒரு தண்ணீர் ஜக். அதிகாரி ஒரு பக்கம், நான் ஒரு பக்கம், நடுவில் மொழிபெயர்ப்பாளர். அண்ணனைப் பற்றிக் கேட்டார்கள். "அண்ணன் போயிட்டாரு" என்றேன். நம் பேச்சில் அதற்கு இரண்டு அர்த்தம் உண்டே, அவர் ஒன்றை எடுத்துக்கொண்டார். அதிகாரி பேனாவை மூடி வைத்தார். பிறகு ஜக்கை என் பக்கம் நகர்த்தினார். அப்போதுதான் எனக்கு விளங்கியது. நான் திருத்தவில்லை. அவ்வளவுதான் நடந்தது.

நீங்கள் அங்கே அகதிகள் பதிவு அலுவலகத்தில் ஒரு இறப்புச் சான்றிதழ் வாங்கி அனுப்பினால் போதும். வெறும் காகிதம்தானே அண்ணி. இங்கே என் வீட்டில் இரண்டு அறை இருக்கிறது. ஒன்றில் நான் பழைய பெட்டிகளை அடுக்கி வைத்திருக்கிறேன். ஒரு மணி நேரத்தில் ஒழித்துவிடலாம்.

உங்கள்,
ரேடியோ

*

மார்ச் 22

ரேடியோவுக்கு,

கடிதத்தைப் பாதியில்தான் வைத்தேன். கடையில் கூட்டம். சாயங்காலம் திரும்ப எடுத்தேன். அந்த மட்டில் நீ சொன்னது சரி.

உன் அண்ணன் தன் தங்கைக்கு ரேடியோ என்று பெயர் வைத்தது வீண்போகவில்லை. நாள் முழுக்க ஓயாமல் பேசுவாய். முக்கியச் செய்தி வரும் நேரம் பார்த்துக் கரகரவென்று ஆகிவிடுவாய். மூன்று பக்கம் எழுதியிருக்கிறாய். அதில் "திருத்தவில்லை" என்பது ஒரே ஒரு வார்த்தை.

ஒரு டம்ளர் தண்ணீர் கொடுத்தார்கள் என்று என் புருஷனைச் சாகடித்துவிட்டு வந்தாயா?

உனக்கு மறந்திருந்தால் ஞாபகப்படுத்துகிறேன். குண்டு விழ ஆரம்பித்ததும் கைக்குழந்தைக்காரிகளை முதல் லாரியில் ஏற்றினார்கள். நானும் பாப்பாவும் அதில் வந்தோம். நீயும் உன் அண்ணனும் பின்னால் நடந்து வருவதாகப் பேச்சு. எங்களை அடைத்து வைத்திருந்த பள்ளிக்கூடத்துக்கு மூன்றாம் நாள் நீ மட்டும் வந்தாய். ஒரு காலில் செருப்பு இல்லை. நான் குழாயடியில் குடத்தோடு நின்றேன். "அண்ணன் போயிட்டாரு" என்றாய். "எந்தப் பக்கம்?" என்று கேட்டேன். நீ கையைத் தூக்கிக் கிழக்கே காட்டினாய். மறுநாள் காலை உன்னை வேறொரு கூட்டத்தோடு ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள். உன்னைப் பார்த்து ஏழு வருடம் ஆகிறது.

அந்தக் கையை நம்பித்தான் நான் இங்கே இருக்கிறேன். அந்தக் கிழக்குச் சாலை எல்லையைத் தாண்டி வந்து முடிகிற ஊர் இது. வேறு ஊரில் இடம் தருகிறோம் என்று இரண்டு தடவை சொன்னார்கள், நான் அசையவில்லை. கண்ணாடிக் கடையில் வேலை கேட்டபோது "என்ன தெரியும்?" என்றார் முதலாளி. வீட்டுக்காரரின் கண்ணாடிக் கடையில் கூடவே நின்று லென்ஸ் தேய்த்தவள் என்றேன். சம்பளம் எவ்வளவு என்று கேட்கக்கூட இல்லை.

ஏன் கண்ணாடிக் கடை என்று உனக்குத் தெரியும். அந்த மனுஷனுக்குக் கண்ணாடி இல்லாவிட்டால் இரண்டடிக்கு அப்பால் எல்லாம் புகை. கல்யாண போட்டோவில் கண்ணாடி பளபளக்கிறது, கழற்றுங்கள் என்று போட்டோக்காரர் சொன்னார். கழற்றிவிட்டு நேராகப் போய் என் அக்கா பக்கத்தில் நின்றார். அப்படிப்பட்டவர் எங்கே இருந்தாலும் கண்ணாடி கீறும், உடையும், என்றைக்காவது ஒரு கடைக்கு வந்துதானே ஆகவேண்டும். ஆறு ஏழு பவரோடு யார் வந்தாலும் நான் முதலில் முகத்தைப் பார்க்கிறேன்.

காகிதம்தானே என்கிறாய். அந்தக் காகிதத்தை நான் வாங்கிய அன்றே தேடுவோர் பட்டியலில் அவர் பெயரை அடித்துவிடுவார்கள். அதற்குப் பிறகு எந்தச் சிறையிலும் எந்த ஆஸ்பத்திரியிலும் அவரை யாரும் கேட்க மாட்டார்கள். கேட்பதற்கு இருப்பது நான் ஒருத்திதான்.

நீ போய் அந்த அதிகாரியிடம் சொல். மொழிபெயர்ப்பில் தப்பு, அண்ணன் இருக்கிறார் என்று சொல். நான் கையெழுத்துப் போட மாட்டேன்.

அண்ணி

*

ஏப்ரல் 9

அன்புள்ள அண்ணிக்கு,

நீங்கள் சொன்னபடி அந்த அலுவலகத்துக்குப் போனேன். டோக்கன் எடுத்து உட்கார்ந்தேன். என் எண் வந்தது. எழுந்து வெளியே வந்துவிட்டேன்.

சொன்னால் என் அனுமதியை மறுபடி விசாரணைக்கு எடுப்பார்கள். அதற்குப் பயந்து இல்லை. அதற்கும் பயம்தான். எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. நான்கு தாளைக் கிழித்துவிட்டேன், இது ஐந்தாவது.

என் வேலையைப் பற்றி நீங்கள் ஒரு தடவையும் கேட்டதில்லை, நானாகச் சொல்கிறேன். ஆஸ்பத்திரியின் சலவைக்கூடம். துணி மெஷினுக்குள் போகுமுன் நர்சுகளின் சட்டைப் பையைத் துழாவி உள்ளே இருப்பதை எடுக்க வேண்டும். பேனா, மிட்டாய்த் தாள், கையுறை, சாவி. இதையெல்லாம் ஒரு தட்டில் போட்டு எண் எழுதி வைப்பேன். போன குளிர்காலத்தில் ஒரு பையில் கண்ணாடி இருந்தது. அதைத் தட்டில் வைத்துவிட்டுக் கழிவறைக்குப் போய் நின்றேன். எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. மேற்பார்வை பார்க்கிற அம்மா கதவைத் தட்டினாள்.

மத்தியானத்துக்கு மேல் படுக்கை விரிப்பு மடிக்கும் வேலை. ஆளுக்கு இரண்டு முனையைப் பிடித்துக்கொண்டு எதிரெதிரே நடந்து வந்து சேர வேண்டும். என்னோடு மடிக்கிறவள் வேறு மொழிக்காரி. நாள் ஒன்றுக்கு இருநூறு தடவை ஒருவர் முகத்துக்கு நேரே ஒருவர் வருகிறோம், ஒரு வார்த்தை பேசியதில்லை. ரேடியோவுக்கு இங்கே கரண்ட் இல்லை. அண்ணன் இருந்தால் சிரித்திருப்பார்.

அண்ணி, கோபப்படாமல் யோசியுங்கள். உங்களுக்கு அங்கே எத்தனை நாள் அனுமதி இருக்கிறது? பாப்பாவுக்கு எட்டு வயது. அவளுக்காகவாவது.

ரேடியோ

*

ஏப்ரல் 27

ரேடியோவுக்கு,

எங்கள் அனுமதி ஜூன் முப்பதோடு முடிகிறது. இனிமேல் நீட்டிப்பு இல்லை என்று போன வாரம் வாசலில் ஒட்டிவிட்டார்கள். எல்லாரும் வாசித்துவிட்டுத் தண்ணீர் பிடிக்கப் போனோம்.

பாப்பாவின் கண்ணாடிப் பவர் இப்போது இரண்டேகால். ஆறு வயதிலேயே முதல் கண்ணாடி நான்தான் போட்டுக் கொடுத்தேன். கண் அவருடையது, வாய் உன்னுடையது. வகுப்பில் பேசுகிறாள் என்று மாதம் ஒரு தடவை என்னைக் கூப்பிட்டு அனுப்புகிறார்கள்.

போன ஞாயிறு மூன்று மணி நேரம் பஸ்ஸில் போய் வந்தேன். கடிகாரம் பழுதுபார்க்கும் இடத்தில் தடித்த கண்ணாடி போட்ட ஒருத்தர் இருக்கிறார், தன் பெயரைச் சொல்ல மாட்டேன் என்கிறார் என்று கேள்விப்பட்டேன். போய்ப் பார்த்தேன். அது உன் அண்ணன் இல்லை. இந்த மாதிரிப் போய் வந்தது இது பத்தொன்பதாவது. முன்பெல்லாம் திரும்பி வரும்போது பஸ்ஸில் அழுவேன். இந்தத் தடவை தூங்கிவிட்டேன். நடத்துனர்தான் எழுப்பினார்.

உன் கடிதத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். கீறல் பார்க்கிற வேலை, அந்தப் பழக்கம். "அண்ணன் இருந்திருந்தால்" என்று எழுதி, அடித்துவிட்டு, "இருந்தால்" என்று மேலே எழுதியிருக்கிறாய். பேனா உனக்கு முன்னால் ஓடிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். அதைப் பற்றி மேலே கேட்கவில்லை.

வேறு ஒன்று கேட்கிறேன். ஏழு வருடமாக அடைத்து வைத்திருந்த எல்லைச் சாலையை இந்த மாதம் திறக்கிறார்கள். பாலம் வரைக்கும் வேன் போகுமாம். அனுமதி முடிவதற்குள் நானே ஒரு தடவை போய் அந்தப் பக்கத்து வீடுகளில் விசாரித்துவிட்டு வரப்போகிறேன். பாப்பாவை விட்டுவிட்டுப் போக இங்கே ஆள் இல்லை, அவளும் வருகிறாள். பாலத்துக்கு அப்பால் சாலை இரண்டாகப் பிரிகிறது, கண்ணிவெடி இன்னும் முழுசாக எடுக்கவில்லை என்கிறார் வேன்காரர். "எந்தப் பக்கம்னு சரியா தெரிஞ்சா மட்டும் வாங்க, சும்மா சுத்திப் பாக்க வர வேணாம்" என்றார்.

மே இருபது கிளம்புகிறோம். அதற்குள் எழுது. இடதா, வலதா? உன்னிடம் நான் கேட்பது இவ்வளவுதான்.

அண்ணி

*

மே 6

அண்ணி,

போகாதீர்கள்.

இடதும் இல்லை, வலதும் இல்லை. அண்ணன் பாலத்திலேயே இருக்கிறார்.

மொழிபெயர்ப்பாளர் தப்பு எதுவும் செய்யவில்லை. நான் சொன்னதைத்தான் சொன்னார். முன்பின் தெரியாத அந்த மனுஷனுக்குச் சரியாகப் புரிந்தது. அதே வார்த்தையைத்தான் உங்களிடமும் சொன்னேன்.

நீங்கள் லாரி ஏறிய மறுநாள், சனிக்கிழமை, வெயில் ஏறும் நேரம். பாலத்துக்கு வந்தபோது எங்களுக்குப் பின்னால் ஒன்று விழுந்தது. நான் குப்புற விழுந்தேன். எழுந்து பார்த்தால் அண்ணன் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். வயிற்றில் கையை வைத்திருந்தார். பார்த்தால் களைப்பாக உட்கார்ந்த மாதிரிதான் இருந்தது. "ரேடியோ, கண்ணாடிய கொஞ்சம் துடைச்சுக் குடு, ஒண்ணும் தெரியல" என்றார். கழற்றி என் பாவாடையில் துடைத்தேன். புழுதி அவ்வளவு இல்லை, ஆனாலும் நன்றாகத் துடைத்தேன், இரண்டு பக்கமும். அவருக்கு அழுக்குக் கண்ணாடி பிடிக்காது இல்லையா. திரும்பி மாட்டிவிட்டேன். "இப்ப தெரியுதா?" என்று கேட்டேன். இரண்டு தடவை கேட்டேன்.

மறுபடி கழற்றிக் கையில் வைத்துக்கொண்டேன். யாரோ ஒரு நீலப் படுதாவைப் போர்த்திவிட்டார்கள். யாரோ என் தோளைப் பிடித்துத் தள்ளினார்கள். நான் நடந்தேன். தோண்டவில்லை. கண்ணாடியைத் தவிரக் கையில் ஒன்றும் இல்லை. ஒரு செருப்பு எங்கே போனது என்றுகூடத் தெரியவில்லை.

மறுநாள் குழாயடியில் உங்களைப் பார்த்தேன். பாப்பா உங்கள் இடுப்பில் இருந்தாள். "அண்ணன் போயிட்டாரு" என்றேன். அதற்கு மேல் ஒரு சொல் வரவில்லை. நீங்கள் "எந்தப் பக்கம்?" என்று கேட்டீர்கள். பொய் சொல்ல வேண்டும் என்று நான் நினைக்கவில்லை, சத்தியமாக இல்லை. என் கை தானாக எழுந்தது. பாலம் இருக்கும் பக்கத்தைத்தான் காட்டினேன். அவர் கிடக்கும் பக்கத்தை. நீங்கள் "அப்ப சரி, வந்துடுவாரு" என்று சொல்லிவிட்டுக் குடத்தைக் குழாய்க்குக் கீழே வைத்தீர்கள்.

அன்று ராத்திரி சொல்லலாம் என்றிருந்தேன். நீங்கள் மூன்று நாள் கழித்து முதல் தடவையாகத் தூங்கினீர்கள். காலையில் சொல்லலாம் என்றிருந்தேன். காலையில் என்னை ஏற்றிவிட்டார்கள். அப்புறம் போன். போனில் நீங்கள் "இன்னைக்கு ஒரு இடம் போய் விசாரிச்சேன்" என்று ஆரம்பிப்பீர்கள். உங்கள் குரல் அப்போது மட்டும்தான் நன்றாக இருக்கும்.

பத்தொன்பது தடவை என்று எழுதியிருந்தீர்கள். நான் எண்ணிப் பார்த்ததே இல்லை.

கண்ணாடியை இத்துடன் பார்சலில் அனுப்புகிறேன். அந்தப் பாவாடைத் துணியிலேயே சுற்றி வைத்திருந்தேன். அன்றைக்குத் துடைத்ததுதான். அதற்குப் பிறகு தொட பயம்.

சான்றிதழ் வாங்குவதும் வாங்காததும் உங்கள் இஷ்டம். எனக்குப் பதில் எழுதாமல் இருப்பதும் உங்கள் இஷ்டம். பாப்பாவைக் கூட்டிக்கொண்டு அந்தச் சாலைக்கு மட்டும் போகாதீர்கள்.

*

ஜூன் 4

ரேடியோவுக்கு,

பார்சல் பதினெட்டாம் தேதி வந்தது. வேனில் சொல்லி வைத்திருந்த இடத்தை வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். நாங்கள் நன்றாக இருக்கிறோம். போன கடிதத்தில் நீ கையெழுத்துப் போட மறந்துவிட்டாய்.

கண்ணாடியைக் கடைக்கு எடுத்துப் போனேன். எந்தக் கண்ணாடி கைக்கு வந்தாலும் முதலில் துடைத்துவிட்டுத்தான் பவர் பார்க்கும் மெஷினில் வைப்போம், உன் அண்ணன் கற்றுக் கொடுத்தது. இதை மட்டும் அப்படியே வைத்தேன். வலது ஆறரை, இடது ஏழு. இடது லென்ஸின் ஓரம் கொஞ்சம் கோணலாகத் தேய்ந்திருக்கிறது. நான் சாப்பிடக் கூப்பிட்ட அவசரத்தில் அவர் தேய்த்தது. "போடுறவன் நான்தானே, யாரு குறை சொல்லப் போறா" என்றார். முதலாளி வந்து "யாரோடது?" என்று கேட்டார். "வீட்டுக்காரரோடது" என்றேன். "வந்துட்டாரா?" என்றார். "இல்ல" என்று சொல்லிவிட்டு அடுத்தவருடைய கண்ணாடியை எடுத்தேன். அன்றைக்கு ஏழு கண்ணாடி முடித்துக் கொடுத்தேன்.

வீட்டில் பாப்பா எடுத்து மாட்டிப் பார்த்தாள். "இதுல ஒண்ணும் தெரியலம்மா" என்றாள். கழற்றி வாங்கி மேலே வைத்துவிட்டேன்.

உன்மேல் கோபம் வர வேண்டும். உட்கார்ந்து காத்திருந்தேன், வரவில்லை. மன்னித்துவிட்டேன் என்று எழுதினால் அதுவும் பொய். இரண்டும் இல்லாமல் இருக்கிறது, அப்படியே இருக்கட்டும். குழாயடியைத்தான் திரும்பத் திரும்ப யோசிக்கிறேன். எந்தப் பக்கம் என்று கேட்டபோது நான் உன் முகத்தைப் பார்க்கவில்லை, குடத்தைப் பார்த்துக்கொண்டு கேட்டேன். இடுப்பில் பிள்ளையோடு நிற்கிற ஒருத்தி, புருஷன் எங்கே என்று கேட்கும்போது குடத்தையா பார்ப்பாள்? தெரியவில்லை. அதை உன் கணக்கில் மட்டும் எழுத என்னால் முடியவில்லை.

நேற்று பதிவு அலுவலகத்துக்குப் போனோம். பாப்பாவையும் பக்கத்து நாற்காலியில் உட்கார வைத்தேன், அவளும் கேட்கட்டும் என்று. அங்கே இருந்த பெண் நல்லவள், மெதுவாகப் பேசினாள்.

"எப்பம்மா போனாரு?" என்றாள்.

"போகல. செத்துட்டாரு" என்றேன்.

ஏழு வருடத்தில் அந்தச் சொல்லை முதல் தடவையாகச் சொன்னேன். நாக்குக்கு ஒன்றும் ஆகவில்லை. பாப்பா என்னைத் திரும்பிப் பார்த்தாள், பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டாள். நீ எழுதியிருந்த அந்தச் சனிக்கிழமையைச் சொன்னேன். அந்தப் பெண் எழுதிக்கொண்டாள்.

"எங்கம்மா?" என்று கேட்டாள்.

பாலத்தின் பெயர் எனக்குத் தெரியும். அந்தப் பாலத்தில் எத்தனை தடவை போயிருக்கிறேன். சொல்லத்தான் வாயைத் திறந்தேன். சத்தம் வரவில்லை. பாப்பா பிடிக்காத கை தானாக எழுந்து, அவள் தலைக்கு மேலே ஜன்னல் இருந்த பக்கம் காட்டிக்கொண்டு நின்றது. அதை இறக்கவும் எனக்குத் தெரியவில்லை. அந்தப் பெண் திரும்பி ஜன்னலைப் பார்த்தாள். பிறகு எழுந்து வந்து என் கையைப் பிடித்து மடியில் வைத்தாள். ஒரு தாளைக் கொடுத்து, "எழுதிக் குடுங்கம்மா, போதும்" என்றாள். எழுதிக் கொடுத்தேன்.

சான்றிதழின் நகல் இதோடு இருக்கிறது. தேதியும் பெயரும் உன் கோப்போடு ஒத்துப்போகிறதா என்று பார்த்துக்கொள். அந்த இரண்டாவது அறையில் இருக்கும் பெட்டிகளை ஒழித்து வை. பாப்பா ஜன்னல் பக்கம் படுப்பாள்.

கண்ணாடியை நானே கையில் எடுத்து வருகிறேன். இன்னும் துடைக்கவில்லை. நீ துடைத்தது போதும்.

அண்ணி